கேள்வி – பதில்: செட் போட்டவர் எழுதிய திரைக்கதைகள்

திரைக்கதை எழுத விரும்புகிறவர் ஸ்டூடியோவில் எந்தப் பிரிவில் வேலை பழகலாம் என்று சென்ற இதழில் ஒரு வாசகர் கேட்டிருந்தார். "எந்தப் பிரிவும் தாழ்ந்ததில்லை, கலைப் பிரிவில் உதவியாளராக இருந்த ஒரு ஜப்பானியர் பின்னாளில் இருநூறுக்கும் மேற்பட்ட திரைக்கதைகள் எழுதினார்" என்று ஒரே வரியில் பதில் சொல்லிவிட்டு, அவர் பெயரைச் சொல்லாமலே நகர்ந்துவிட்டேன். அந்தத் தவறுக்குத் தண்டனையாகக் கடிதங்கள் வந்து குவிந்துள்ளன. எனவே இந்த இதழின் கேள்விகள் அனைத்தும் அவரைப் பற்றியவையே.

யார் அந்த ஜப்பானியர்? கலைப் பிரிவுக்கு அவர் எப்படி வந்து சேர்ந்தார்? – திண்டுக்கல் வாசகர்

அவர் பெயர் கனெட்டோ ஷிண்டோ. 1912 ஏப்ரல் 22 அன்று ஹிரோஷிமா மாகாணத்தில் வசதியான நிலக்கிழார் குடும்பம் ஒன்றில் பிறந்தார். 2012 மே 29 அன்று, நூறு வயது நிறைந்து ஐந்து வாரங்கள் கழித்து மறைந்தார். தந்தை பிறருடைய கடனுக்கு ஜாமீன் நின்று சொத்தையெல்லாம் இழந்ததில் குடும்பம் சிதறிப்போயிற்று. (இந்தக் கதைக்கு ஜப்பான் வரை போக வேண்டியதில்லை, நம் தெருவிலேயே இரண்டு வீடுகளைக் காட்டலாம்.) ஓனோமிச்சி என்னும் துறைமுக ஊரில் போலீஸ்காரராக இருந்த அண்ணன் வீட்டில் தங்கியிருந்த காலத்தில், சதாவோ யாமனாகா இயக்கிய படம் ஒன்றைப் பார்த்த ஷிண்டோ, இனி வாழ்ந்தால் சினிமாவில்தான் என்று முடிவுகட்டினார். கையில் காசு சேர்க்கவே ஓராண்டு பிடித்தது. 1934-ல் கியோட்டோவுக்குப் போய், ஷின்கோ கினெமா என்னும் நிறுவனத்தில் ஒருவாறு வேலைக்குச் சேர்ந்தார்.

கிடைத்தது பிலிம் கழுவி உலர்த்தும் வேலை. அந்தப் பிரிவில் பதினொரு பேர் கணக்கில் இருந்தும் உண்மையில் வேலை பார்த்தவர்கள் மூவர்தான். மற்றவர்கள் நிறுவனத்தின் பேஸ்பால் அணிக்காக எடுக்கப்பட்டவர்கள். ஈரக் கையோடு நாளைக் கழித்த அந்த இளைஞருக்கு, திரைப்படம் என்பது முதலில் காகிதத்தில் எழுதப்படும் ஒன்று என்பதே தெரியாது. ஸ்டூடியோக் கழிப்பறையில் துடைத்துப்போட வைத்திருந்த பழைய தாள்களைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டார். அவை எடுத்து முடிந்த படங்களின் திரைக்கதைகள். அவற்றை வீட்டுக்கு எடுத்துப்போய்ப் படித்தார்.

1935-ன் இறுதியில் நிறுவனம் கியோட்டோவிலிருந்து தோக்கியோவுக்கு இடம் மாறியபோது, உள்ளூர்க்காரர்கள் பலர் ஊரை விட்டுப் போக மனமில்லாமல் விலகிக்கொண்டனர். காலியான இடங்களுள் ஒன்று கலைப் பிரிவில் இருந்தது. கலை இயக்குநர் ஹிரோஷி மிஸுதானியின் உதவியாளராக ஷிண்டோ அதில் நுழைந்தார்.

கலைப் பிரிவில் அவர் செய்த வேலைதான் என்ன? வெறும் எடுபிடியா? – சேலம் வாசகி

தொடக்கத்தில் எல்லாரையும் போல எடுபிடிதான். ஆனால் ஜப்பானியக் கலைப் பிரிவின் கட்டமைப்பைச் சிறிது தெரிந்துகொண்டால் அவர் கற்றது என்ன என்பது விளங்கும். அங்கே தச்சு, சுவர், படிக்கட்டு, கூரை போன்ற பெரிய வேலைகளை 'ஓதோகு' என்றும், நடிகரின் கைக்கு வரும் பொருள்களை 'கொதோகு' என்றும் பிரித்திருப்பார்கள். 'பெரிய கருவி', 'சிறிய கருவி' என்று பொருள்படும் இவ்விரு சொற்களும் கபுக்கி நாடக அரங்கிலிருந்து சினிமாவுக்கு வந்தவை. இவ்விரண்டுக்கும் மேலே நின்று முழுச் சூழலையும் தீர்மானிப்பவர் கலை இயக்குநர்.

ஷிண்டோவுக்கு ஓவியக் கை இயல்பாகவே அமைந்திருந்தது. ஓவியர் ஒருவரிடம் முறையாகவும் பயின்றார். இடம் பார்க்கப் போகிறவர்கள் புகைப்படக் கருவியைக் கொண்டுபோவது அன்று அரிது என்பதால், பார்த்த இடத்தைப் பென்சிலால் வரைந்து வந்து இயக்குநர் முன் வைக்க வேண்டியிருந்தது. அப்படி வரைகிறவன் ஒரு தெருவைப் பார்க்கும்போது, கிணற்றுக்கும் வாசலுக்கும் எத்தனை எட்டு, கதவு உள்ளே திறக்குமா வெளியே திறக்குமா, மாலை வெயில் எந்தச் சுவரில் விழும் என்றெல்லாம் பார்த்தாக வேண்டும். 'அழகான தெரு' என்று எழுதி வந்து தப்பிக்க முடியாது.

அந்தக் காலத்தில் அவர் கைபட்ட பெரிய வேலை, கென்ஜி மிஸோகுச்சி இயக்கிய 'கென்ரோக்கு சூஷிங்குரா'. எஜமானரை இழந்த நாற்பத்தேழு சாமுராய்களின் புகழ்பெற்ற கதையை இரு பாகங்களாகச் சொன்ன அந்தப் படம் 1941 டிசம்பரிலும் 1942 பிப்ரவரியிலும் வெளிவந்தது. கலை இயக்கம் மிஸுதானி; கட்டட வேலைகளின் மேற்பார்வை ஷிண்டோ. 1701-ல் அந்த எஜமானரான பிரபு அசானோ வாளை உருவி, அரண்மனை அதிகாரி கீராவைத் தாக்கிய இடம், எடோ (இன்றைய தோக்கியோ) நகரக் கோட்டையின் பைன் மரத் தாழ்வாரம். அந்தத் தாழ்வாரத்தை மிஸோகுச்சி சிறிதாக்கியோ திரைச்சீலையில் தீட்டியோ ஏமாற்ற ஒப்பவில்லை. உண்மை அளவிலேயே கட்டச் சொன்னார். படத்தின் தொடக்கத்தில் கேமரா நெடுக மிதந்துபோகும்போது தெரியும் மரத்தூண்களும் நடைபாதையும் ஓவியத் தட்டிகளும், நாடே போருக்குச் செலவழித்துக்கொண்டிருந்த ஆண்டில் எழுப்பப்பட்டவை என்பதை நினைத்துக்கொண்டு பாருங்கள்.

வரையத் தெரிந்தவர் கலை இயக்குநராகவே உயர்ந்திருக்கலாமே. எழுத்துப் பக்கம் ஏன் திரும்பினார்? – ஈரோடு வாசகர்

அவரே கணக்குப் பார்த்துத்தான் திரும்பினார். ஸ்டூடியோவில் யாரைக் கேட்டாலும் இயக்குநராக வேண்டும் என்றார்கள். அவருடைய தலைவர் மிஸுதானிக்கும் அந்த ஆசை இருந்தது. அந்த வரிசையில் கடைசியில் போய் நிற்பதைவிட, எழுத்தாளர் வரிசை குட்டையாக இருப்பதைக் கண்டு அதில் நின்றார். எழுதியதையெல்லாம் நண்பர்கள் கிழித்துத் தோரணம் கட்டினார்கள். அணை கட்டுவதால் நிலத்தை இழக்கும் விவசாயி ஒருவனைப் பற்றிய திரைக்கதையைப் போட்டிக்கு அனுப்பி நூறு யென் பரிசு வாங்கினார். அப்போது அவருடைய மாதச் சம்பளம் இருபத்தைந்து யென். பரிசு வந்ததே தவிர, அந்தக் கதை படமாகவில்லை.

மிஸோகுச்சி அவரைப் பார்த்து "உனக்கு எழுத்து வராது" என்று சொன்னது உண்மையா? – கோயம்புத்தூர் வாசகர்

உண்மைதான். மிஸோகுச்சியிடம் பணிபுரிந்துகொண்டே ஷிண்டோ ஒரு திரைக்கதையை எழுதிக் கொடுத்தார். இது திரைக்கதை அல்ல, வெறும் கதைச் சுருக்கம் என்றும், உனக்குத் திறமை இல்லை என்றும் முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டார் பெரியவர். அந்த ஆண்டுகளில் ஷிண்டோவைத் தாங்கிப் பிடித்தவர் அவருடன் வாழ்ந்த துணைவி தாக்காகோ குஜி. நவீன நாடகங்களின் பெருந்தொகுதியை வாங்கி வைத்துக்கொண்டு ஷிண்டோ ஒவ்வொன்றாகப் படித்துத் தீர்த்தது அப்போதுதான். கணவருடைய எழுத்து கைகூடியதைப் பார்க்காமலே, 1943-ல் காசநோயால் தாக்காகோ இறந்துபோனார்.

இதையெல்லாம் அவர் மனத்துக்குள் வைத்துப் புழுங்கவில்லை. 1951-ல் தாம் முதன்முதலாக இயக்கிய 'ஐசாய் மொனோகதாரி' (அன்பு மனைவியின் கதை) படத்தில், அவமானம் பட்ட காட்சியையும் சேர்த்தே எழுதிவிட்டார். அதைவிட எனக்கு வியப்பூட்டுவது, அதே மிஸோகுச்சியைப் பற்றி, அவர் இறந்து ஏறத்தாழ இருபது ஆண்டுகள் கழித்து, அவரோடு பணிபுரிந்தவர்களையெல்லாம் தேடிப்போய்ப் பேட்டி கண்டு 1975-ல் முழுநீள ஆவணப்படம் எடுத்ததுதான். திட்டு வாங்கிய மாணவர்கள் ஆசிரியருக்கு இப்படி ஒரு காணிக்கை செலுத்துவது எந்த ஊரிலும் அடிக்கடி நடப்பதில்லை.

கலைப் பிரிவில் இருந்தவர் என்பது அவருடைய திரைக்கதைகளில் தெரிகிறதா, அல்லது இதெல்லாம் பிற்பாடு ஒட்டவைக்கும் விளக்கமா? – புதுச்சேரி வாசகி

நல்ல சந்தேகம். புகழ்பெற்றவர் ஒருவரின் இளமையில் என்ன கிடைத்தாலும் அதைப் பிற்காலச் சாதனைக்கு வித்து என்று எழுதிவிடுகிற வழக்கம் நம் பத்திரிகைகளுக்கு உண்டு, எனக்கும் உண்டு. ஆனால் ஷிண்டோ விஷயத்தில் தாளிலேயே தெரிகிறது என்பதுதான் என் கருத்து. அவருடைய கதைகள் பெரும்பாலும் ஓர் இடத்தில் பிறக்கின்றன. அந்த இடத்தை எடுத்துவிட்டால் கதை நிற்பதில்லை.

போருக்குப் பிறகு அவருக்குப் பெயர் வாங்கித் தந்தது, 1947-ல் கோஸாபுரோ யோஷிமுரா இயக்கிய 'அஞ்ஜோ குடும்பத்தின் நடன விருந்து'. பிரபுப் பட்டங்கள் ஒழிந்த காலத்தில், தங்கள் மாளிகையை இழக்கப்போகும் குடும்பம் ஒன்று கடைசியாக ஒருமுறை விருந்து வைக்கிறது. ஏறத்தாழ முழுப்படமும் அந்த மாளிகைக்குள்ளேயே நடக்கிறது. அந்த ஆண்டின் சிறந்த படமாக 'கினெமா ஜுன்போ' இதழ் அதைத் தேர்ந்தெடுத்தது.

அதைவிடக் கூர்மையான சான்று, 1962-ல் யூஸோ கவாஷிமா இயக்கிய 'ஷிதொயாக்கான கெதமோனோ'. 'நயமான மிருகம்' என்று சொல்லலாம். அரசுக் குடியிருப்பில் ஒரு சிறிய வீடு. அதில் முன்னாள் கடற்படை அதிகாரியான தகப்பன், தாய், ஒரு மகன், ஒரு மகள். மகன் அலுவலகப் பணத்தைச் சுருட்டிக்கொண்டு வருவான். மகளை ஓர் எழுத்தாளருக்கு ஆசைநாயகியாக அனுப்பி அந்த வகையிலும் பணம் வரும். பணத்தைத் திருப்பிக் கேட்டு ஆள் வருகிறான் என்று தெரிந்தவுடன் பெற்றோர் செய்யும் முதல் வேலையைக் கவனியுங்கள். வீட்டிலுள்ள நல்ல பொருள்களையெல்லாம் ஒளித்துவிட்டு, பழையவற்றை எடுத்துப் போட்டு, உடம்பிலும் கந்தலை மாட்டிக்கொண்டு, ஏழை வீடு போல மாற்றிவிடுகிறார்கள். ஒரு குடும்பமே கண்ணெதிரில் 'செட்' மாற்றுகிறது! தளத்தில் பொருள்களை இடம்மாற்றி வாழ்ந்த ஒருவருக்குத்தான் ஒரு நயவஞ்சகக் கதையை இப்படித் தொடங்கத் தோன்றும். படம் முடியும்வரை கேமரா அந்தக் குடியிருப்பை விட்டு அகல்வதில்லை. மேலிருந்தும் கீழிருந்தும் சன்னல் வழியாகவும் எட்டிப்பார்த்துக்கொண்டே இருக்கிறது. அந்தக் கோணங்களுக்குப் பாராட்டு இயக்குநருக்கும் ஒளிப்பதிவாளருக்கும் உரியது. ஆனால் இரண்டு அறைக்குள் அத்தனை மனிதர்களை முட்டிக்கொள்ளாமல் நடமாட விட்ட வரைபடம் எழுத்தாளருடையது.

அவர் எழுதிய எல்லாமே இந்தத் தரம் என்று நான் சொல்லவில்லை. இருநூறுக்கு மேல் எழுதியவரிடம் வயிற்றுப்பாட்டுக்கு எழுதியவையும் இருக்கத்தான் செய்யும்.

நல்ல நிலையில் இருந்தவர் பெரிய ஸ்டூடியோவை விட்டு வெளியேறியது ஏன்? – மதுரை வாசகர்

அவர் எழுத நினைத்ததற்கும், அப்போது அவர் வேலை பார்த்த 'ஷோச்சிக்கு' என்னும் பெரிய நிறுவனம் கேட்டதற்கும் ஒத்துப்போகவில்லை. 1950-ல் யோஷிமுராவும் ஷிண்டோவும் வெளியேறி, நடிகர் தாய்ஜி தோனோயாமா போன்றவர்களோடு 'கிந்தாய் எய்கா க்யோகாய்' என்னும் சொந்த அமைப்பைத் தொடங்கினார்கள். ஜப்பானில் சுயேச்சைத் தயாரிப்பு வேரூன்றியதில் அதற்குப் பெரும்பங்கு உண்டு. 1952-ல் அணுகுண்டு விழுந்த தம் சொந்த மண்ணுக்கே திரும்பிப்போய் 'ஹிரோஷிமாவின் குழந்தைகள்' எடுத்தார் ஷிண்டோ.

பத்து ஆண்டுகளில் கடன் கழுத்துக்கு வந்துவிட்டது. அமைப்பைக் கலைத்துவிடலாம் என்ற நிலையில், கடைசியாக ஒரு படம் என்று 1960-ல் எடுத்ததுதான் 'ஹதகா நோ ஷிமா'. 'நிர்வாணத் தீவு' என்று நேராகப் பெயர்த்தால் வேறு எதையோ எதிர்பார்த்து வந்து ஏமாறுவார்கள். மொட்டைப் பாறை, மொட்டை மாடி என்கிறோமே, அந்தப் பொருளில் 'மொட்டைத் தீவு' என்றால் பொருத்தமாக இருக்கும். செலவு சுமார் ஐம்பது லட்சம் யென். குழுவில் பதின்மூன்று பேர் அளவில்தான். இடம் மிஹாரா ஊருக்கு அருகில் கடலில் கிடக்கும் சுக்குனே என்னும் துண்டுத் தீவு. தீவில் தண்ணீர் இல்லை. ஒரு கணவனும் மனைவியும் பக்கத்துத் தீவிலிருந்து படகில் தண்ணீர் கொண்டுவந்து, காவடியில் இரண்டு வாளிகளாகத் தூக்கிச் செங்குத்தான சரிவில் ஏறி, கொட்டாங்கச்சி அளவு கொட்டாங்கச்சி அளவாகச் செடிகளுக்கு ஊற்றுகிறார்கள். மீண்டும் இறங்குகிறார்கள். படம் முழுவதும் அவர்களுக்குள் உரையாடல் கிடையாது. ஒருமுறை மனைவி கால் தடுமாறி ஒரு வாளியைக் கொட்டிவிடுகிறாள். கணவன் அருகில் வந்து ஓங்கி அறைகிறான். அந்த அறை ஏன் விழுந்தது என்பதற்கு ஒரு சொல் விளக்கம் தேவைப்படவில்லை, ஏனெனில் அந்தச் சரிவு எத்தனை உயரம் என்பது அதற்குள் நம் முழங்காலுக்கே தெரிந்துவிட்டிருக்கும்.

வசனம் எழுதிப் பிழைத்தவர் வசனமில்லாமல் எழுதிய கதை இது. உண்மை அளவில் கோட்டைத் தாழ்வாரம் கட்டியவர் செட்டே இல்லாமல் எடுத்த படமும் இதுவே. செட்டுக்கு எவ்வளவு செலவாகும் என்பது தெரிந்தவருக்குத்தான் அதை எப்போது கைவிடலாம் என்பதும் தெரியும் போலும். 1961 மாஸ்கோ விழாவில் முதன்மைப் பரிசைப் பகிர்ந்துகொண்ட அந்தப் படம் அறுபதுக்கும் மேற்பட்ட நாடுகளுக்கு விற்பனையாகி, கடனை அடைத்தது; அமைப்பு பிழைத்தது.

1964-ல் எடுத்த 'ஓனிபாபா'வில் கதை தலைகீழ்: அங்கே தண்ணீர் அளவுக்கு மிஞ்சியிருந்தது. சிபா மாகாணத்தின் இன்பா சதுப்பு நிலத்தில், ஆள் உயரத்துக்கு மேல் வளர்ந்த நாணல் போன்ற புல்வெளிக்குள் தற்காலிகக் குடிசைகள் போட்டுக் குழு முழுவதும் தங்கியது; பாதியில் ஓடுகிறவர்களுக்குச் சம்பளம் கிடையாது என்று விதி. கதைக்கு உயிரே ஒரு பள்ளம்தான்: வழிதவறி வரும் வீரர்களைக் கொன்று மாமியாரும் மருமகளும் அதற்குள் தள்ளுவார்கள். ஆனால் அந்த மண்ணில் எங்கே தோண்டினாலும் நீர் ஊறி நிரம்பிவிட்டது. எனவே உள்ளே இறங்கும் காட்சிகளுக்காகத் தரைக்கு மேலே சாரம் கட்டி, ஒரு போலிப் பள்ளத்தை எழுப்பினார்கள். திரையில் பாதாளம் போலத் தெரிவது உண்மையில் தலைக்கு மேலே நின்ற ஒன்று. தான் எழுதிய பள்ளம் தோண்ட வராது என்று தெரிந்தவுடன் அதை மேலே கட்டிக்கொள்ளலாம் என்ற துணிவு, தச்சர்களோடு பழகிய எழுத்தாளனுக்கு எளிதாக வரும்.

அவர் போருக்குப் போனாரா? – திருநெல்வேலி வாசகர்

1944-ல், முப்பத்திரண்டு வயதில், கடற்படைக்கு இழுக்கப்பட்டார். அவரோடு சேர்ந்தவர்கள் நூறு பேர். கட்டடங்களைச் சுத்தம் செய்வதே வேலை. அடுத்து எங்கே போவது என்பதைச் சீட்டுக் குலுக்கித் தீர்மானித்தார்கள். குலுக்கல் முடிந்து போர் முடிந்தபோது மிஞ்சியவர்கள் ஆறு பேர். அவர்களுள் ஒருவர் ஷிண்டோ. 'ஷோச்சிக்கு' நிறுவனத்தின் ஓஃபுனா ஸ்டூடியோவுக்குத் திரும்பி வந்தவர், ஆளில்லாத அந்த இடத்தில் அழியாமல் கிடந்த திரைக்கதைகளை எடுத்துப் படித்துக்கொண்டிருந்தார். அந்தச் சீட்டுக் குலுக்கலை எழுத அவருக்கு அறுபது ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. 2010-ல், தொண்ணூற்றெட்டு வயதில், அவர் இயக்கிய கடைசிப் படமான 'ஒரே ஓர் அஞ்சலட்டை' அதைப் பற்றியதுதான்.

கலைப் பிரிவு, எழுத்து இரண்டிலும் கால் வைத்தவர்கள் அங்கே வேறு யாரும் உண்டா? – திருச்சி வாசகர்

தாக்கேயோ கிமுராவைச் சொல்லலாம். ஷிண்டோ கலைப் பிரிவை விட்டு எழுத்துக்கு வந்தார் என்றால், கிமுரா கலை இயக்குநராக இருந்துகொண்டே எழுத்திலும் கலந்துகொண்டவர். நிக்காட்சு ஸ்டூடியோவில் இயக்குநர் செய்ஜுன் சுஸுகியின் படங்களில் வண்ணத்தையும் வெற்றிடத்தையும் ஆட வைத்தது அவர் கைதான். சுஸுகியைச் சுற்றியிருந்தவர்கள் 'குர்யூ ஹச்சிரோ' என்ற கற்பனைப் பெயரில் கூட்டாகத் திரைக்கதை எழுதினார்கள். 1967-ல் வந்த 'கொலைக்கென்றே முத்திரை' என்னும் பொருள்தரும் படத்தின் எழுத்து அந்தப் பெயரில்தான் இருக்கிறது. அந்தக் குழுவில் கிமுராவும் ஒருவர். 2008-ல் தம் தொண்ணூறாவது வயதில் முதல் முழுநீளப் படத்தை இயக்கி, மிக முதிய வயதில் அறிமுகமான இயக்குநர் என்று கின்னஸ் பதிவிலும் இடம்பெற்றார். 1966-ல் சுஸுகி இயக்கிய 'கென்கா எரெஜி' படத்தில் திரைக்கதை ஷிண்டோ, கலை கிமுரா என்று இரண்டு பெயர்களையும் சேர்ந்தே பார்க்கலாம்.

எந்தப் படத்தில் தொடங்குவது? – தஞ்சாவூர் வாசகி

'மொட்டைத் தீவு'. சப்டைட்டில் சரியாக இல்லாத பிரதி கிடைத்தாலும் கவலை இல்லை. படிக்க வேண்டியது அதில் அதிகம் இல்லை. இரவில் பேய்ப்படம் பார்க்கும் துணிவு இருந்தால் அடுத்து 'ஓனிபாபா'; இல்லாவிட்டால் 'நயமான மிருகம்' பார்த்துச் சிரித்துக்கொள்ளுங்கள். மொட்டைத் தீவின் மனைவியாக நடித்த நொபுக்கோ ஓத்தோவா, பிற்காலத்தில் ஷிண்டோவையே மணந்துகொண்டவர். 1994-ல் அவர் இறந்தபோது அஸ்தியில் பாதியைச் சுக்குனே தீவின் கடலில் தூவினார்கள். பதினெட்டு ஆண்டுகள் கழித்து ஷிண்டோவின் அஸ்தியில் ஒரு பகுதியும் அங்கேதான் போய்ச் சேர்ந்தது.